சோலை வரி அறிவித்தலின் பின்பக்கத்தில் எழுதப்பட வேண்டியவை: எங்கள் உள்ளூராட்சி மன்றங்களுக்கு ஒரு திறந்த மடல்

பெருமதிப்புக்குரிய மாநகர முதல்வர்களே, தவிசாளர்களே, உறுப்பினர்களே, ஆணையாளர்களே, செயலாளர்களே,

மட்டக்களப்பு, அம்பாறை ஆகிய இரு மாவட்டங்களிலும் உள்ள மாநகர சபைகள், நகர சபைகள், பிரதேச சபைகள் அனைத்துக்கும் பொதுவாகவே இந்த மடலை எழுதுகிறேன். 2023 மார்ச்சில் முந்தைய சபைகளின் பதவிக்காலம் முடிந்த பின்னர், 2025 மே 6ஆம் திகதி தேர்தல் நடந்து புதிய சபைகள் அமையும் வரை, எங்கள் ஊர்களின் வரவு செலவை அதிகாரிகளே பார்த்து வந்தார்கள். அந்தக் காலத்தில் வரியைப் பற்றி யாருக்கேனும் ஒரு கேள்வி எழுந்தால், அதைச் சபையில் எடுத்துச் சொல்ல உறுப்பினர் எவரும் இருக்கவில்லை. இப்போது எங்கள் சபைகளில் பெரும்பாலானவற்றில் நாங்கள் வாக்களித்துத் தெரிவு செய்தவர்கள் அமர்ந்திருக்கிறீர்கள். ஆகவே நீண்ட நாளாக மனதில் கிடந்த ஒரு வேண்டுகோளை உங்கள் முன் வைக்கிறேன்.

வீடுகள், கட்டடங்கள் மீது சபை அறவிடும் மதிப்பீட்டு வரியைத்தான் நாங்கள் சோலை வரி என்கிறோம். அதைக் குறைக்கும்படி நான் கேட்கவில்லை, நிறுத்தும்படியும் கேட்கவில்லை. காணி உரிமைப் பத்திரங்களான உறுதிகளை எழுதும் நொத்தாரிசு அலுவலகத்தில், அந்த உறுதிகளோடும் வரைபடங்களோடும் வேலை செய்து ஓய்வுபெற்றவன் நான். வடிகானைத் துப்புரவாக்குவதற்கும், தெருவிளக்கு எரிவதற்கும், நூலகம் திறந்திருப்பதற்கும், குப்பை வண்டி வருவதற்கும் பணம் வேண்டும் என்பதையும், கொழும்பு தரும் மானியத்தை மட்டும் நம்பியிருக்கும் சபை தன் காலில் நிற்க முடியாது என்பதையும் நன்றாக அறிவேன். நான் கேட்பது ஒன்றைத்தான். வரி கேட்கும்போது, அந்தத் தொகை எப்படி வந்தது, அது பிழையென்று நினைத்தால் வீட்டுக்காரர் என்ன செய்யலாம், எந்த நாளுக்குள் செய்ய வேண்டும் என்பவற்றையும் அதே தாளில் எளிய தமிழில் எழுதித் தாருங்கள்.

எங்கள் வீடுகளுக்கு வரும் அந்தத் தாளை எடுத்துப் பார்த்தால் நான் சொல்வது விளங்கும். முன்பக்கத்தில் வீதியின் பெயர், வரி இலக்கம், உரிமையாளர் பெயர், ஆண்டுப் பெறுமதி, காலாண்டுக்குரிய தொகை, நிலுவை என்று சிறு கட்டங்கள் இருக்கும். அந்தக் கட்டங்களில் எண்கள் மட்டுமே இருக்கும், விளக்கம் எதுவும் இராது. தாளைத் திருப்பினால் வெறும் வெள்ளையாக இருக்கும். வீட்டுக்காரர் தெரிந்துகொள்ள வேண்டிய அத்தனைக்கும் அங்கே இடம் இருக்கிறது.

முதலில் ஆண்டுப் பெறுமதி என்ற கட்டத்தை எடுத்துக்கொள்வோம். பலர் அதைத் தங்கள் வீட்டின் விற்பனை விலை என்று நினைத்து, 'இவ்வளவு குறைவாகவா போட்டிருக்கிறார்கள், யாரிடமும் சொல்லாமல் இருப்போம்' என்று மகிழ்கிறார்கள். வேறு சிலர் அதுவே கட்ட வேண்டிய வரி என்று எண்ணிப் பதறுகிறார்கள். இரண்டுமே சரியல்ல. மாநகர சபைகள் கட்டளைச் சட்டமும், 1987ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கப் பிரதேச சபைகள் சட்டமும் வரியை ஆண்டுப் பெறுமதியின் மீதே விதிக்கச் சொல்கின்றன. அந்த வீட்டை வாடகைக்குக் கொடுத்தால், நியாயமான ஒரு குடியிருப்பாளர் ஆண்டொன்றுக்கு எவ்வளவு வாடகை தருவார் என்று எதிர்பார்க்கலாமோ, அந்தத் தொகைதான் ஆண்டுப் பெறுமதி. வீட்டில் நீங்களே குடியிருந்தாலும், ஒரு சதமேனும் வாடகை வாங்காவிட்டாலும், கணக்கு அப்படித்தான் போடப்படும். இதைத் தீர்மானிப்பது வழக்கமாக விலைமதிப்பீட்டுத் திணைக்களம். அதன் அலுவலர் வந்து வீட்டின் பரப்பு, சுவர், கூரை, தரை, வீதியின் அகலம், கடைத்தெருவுக்கும் பாடசாலைக்கும் உள்ள தூரம் போன்றவற்றைப் பார்த்து ஒரு தொகையைக் குறிப்பார். பொதுவாக ஐந்து ஆண்டுகளுக்கு ஒருமுறை இது மீள மதிப்பிடப்பட வேண்டும். அப்படி நடக்காமல் பல ஆண்டுகள் இழுபட்டுப் போய், பிறகு ஒரேயடியாக மதிப்பிடும்போதுதான் மக்கள் திகைத்துப் போகிறார்கள்.

ஆண்டுப் பெறுமதியில் நூற்றுக்கு எத்தனை வீதத்தை வரியாக எடுப்பது என்பதைத் தீர்மானிப்பது நீங்கள், அதாவது சபை. ஒரு பேச்சுக்கு, ஒரு வீட்டின் ஆண்டுப் பெறுமதி 12,000 ரூபாய் என்றும் சபை விதித்த வீதம் 10 என்றும் வைத்துக்கொள்வோம். ஆண்டு வரி 1,200 ரூபாய், காலாண்டுக்கு 300 ரூபாய். மீள்மதிப்பீட்டில் பெறுமதி 36,000 ரூபாயாக உயர்ந்தால், வீதம் மாறாதவரை வரியும் மூன்று மடங்காகி 3,600 ரூபாய்க்குப் போய்விடும். ஆனால் சபை விரும்பினால் வீதத்தை 10இலிருந்து 5ஆகக் குறைத்து, அதே வீட்டின் வரியை 1,800 ரூபாயோடு நிறுத்தலாம். மீள்மதிப்பீட்டுக்குப் பிறகு வரி கூடியது ஏன் என்று கேட்டால், 'அது கொழும்பிலிருந்து வந்த மதிப்பீடு, எங்கள் கையில் இல்லை' என்று சில இடங்களில் மறுமொழி கிடைக்கிறது. அதில் பாதிதான் உண்மை. பெறுமதி உங்கள் கையில் இல்லாமல் இருக்கலாம், ஆனால் வீதம் உங்கள் தீர்மானம். சபையில் கையுயர்த்தி நிறைவேற்றி, வர்த்தமானியின் உள்ளூராட்சிப் பகுதியில் வெளியிடும் தீர்மானம் அது. இந்த இரண்டு எண்களையும் தனித்தனியே எடுத்துச் சொல்லி, ஒவ்வொன்றுக்கும் யார் பொறுப்பு என்பதையும் மக்களுக்குத் தெரியப்படுத்துங்கள். யாரிடம் எதைக் கேட்பது என்று தெரிந்தாலே பாதிச் சச்சரவு ஓய்ந்துவிடும்.

அடுத்தது ஆட்சேபனை. இந்த மடலில் நான் மிகவும் அழுத்திச் சொல்ல விரும்புவது இதைத்தான். புதிய மதிப்பீடு செய்தால் சபை மதிப்பீட்டுப் புத்தகத்தை மக்கள் பார்வைக்கு வைக்க வேண்டும். உரியவருக்கு அறிவித்தல் கொடுக்க வேண்டும். குறித்த காலத்துக்குள் எழுத்து மூலம் ஆட்சேபனை வந்தால் அதை ஏற்று, நாள் குறித்து விசாரித்து, முடிவைத் தெரிவிக்க வேண்டும். அந்த முடிவிலும் மனநிறைவில்லாதவர் நியாயாதிக்கமுள்ள நீதிமன்றத்துக்குப் போகலாம், அதற்கும் காலவரையறை உண்டு. சட்டம் தந்திருக்கும் இந்த வழி நல்ல வழி. ஆனால் எங்கள் பக்கத்தில் அதைப் பயன்படுத்துவோர் மிகச் சிலர். மதிப்பீட்டு அறிவித்தலையும் காலாண்டுப் பற்றுச்சீட்டையும் வீட்டுக்காரர்கள் ஒன்றென்று நினைக்கிறார்கள். அறிவித்தல் வந்தபோது பேசாமல் இருந்துவிட்டு, பல மாதம் கழித்து வரி கூடிய சீட்டைக் கையில் பிடித்துக்கொண்டு கந்தோருக்கு ஓடுகிறார்கள். அதற்குள் ஆட்சேபனைக் காலம் முடிந்திருக்கும். கருமபீடத்தில் இருக்கும் அலுவலருக்கும் அதற்குமேல் சொல்ல ஒன்றும் இருக்காது.

ஆட்சேபனை எழுதுவதென்றால் என்னவென்றும் பலருக்குத் தெரிவதில்லை. 'நாங்கள் ஏழைகள், இவ்வளவு கட்ட இயலாது' என்று எழுதினால் இரக்கம் கிடைக்கலாம், மதிப்பீடு மாறாது. கேள்வி எப்போதும் பெறுமதியைப் பற்றியதாக இருக்க வேண்டும். பதிவில் இரண்டு மாடி என்று இருக்கிறது, என் வீட்டில் மேல்மாடி இன்னும் தூண்களோடு நிற்கிறது. பின்னால் இருந்த குசினி இடிந்து போனது, பரப்பில் அது இன்னும் சேர்ந்திருக்கிறது. இதே ஒழுங்கையில் இதே அளவான வீடு இவ்வளவு வாடகைக்குத்தான் போகிறது. முன்பக்க அறையைக் கடை என்று பதிந்திருக்கிறார்கள், அது கடையாக இருந்து மூடப்பட்டு வெகுநாளாயிற்று. இவைதான் விசாரணையில் எடுபடும் காரணங்கள். புகைப்படம், வாடகை ஒப்பந்தப் பிரதி, வரைபடம் ஆகியவற்றை இணைத்தால் இன்னும் நல்லது. வருமானமில்லாத விதவைகளும் மாற்றுத்திறனாளிகளும் வறுமையின் பேரில் சலுகை கேட்பது வேறொரு விண்ணப்பம், அதற்கு வேறு வழி இருக்க வேண்டும். அந்த வழி உங்கள் சபையில் எது, யாருக்கு எழுத வேண்டும், கிராம உத்தியோகத்தரின் எந்தச் சான்று வேண்டும் என்பதையும் வெளிப்படையாக அறிவியுங்கள். ஆட்சேபனைக்கென்று ஒரு மாதிரிப் படிவத்தை அறிவித்தலோடு சேர்த்து அனுப்புவது உங்களுக்குப் பெரிய செலவாகாது.

பெயர்மாற்றச் சிக்கலைப் பற்றிச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டும், ஏனென்றால் அது எங்கள் மண்ணுக்கே உரிய சிக்கல். மட்டக்களப்பிலும் அம்பாறைக் கரையோரத்திலும், தமிழரானாலும் முஸ்லிம்களானாலும், வீடு பெண்ணுக்குத்தான் போகிறது. மகளுக்குக் கலியாணம் பேசும்போதே வீடும் பேசப்படுகிறது. தாய் தகப்பன் வீட்டைக் கொடுத்துவிட்டுப் பின்வளவில் சின்னதாக ஒன்றைக் கட்டிக்கொண்டு ஒதுங்குகிறார்கள். சீதன உறுதியோ நன்கொடை உறுதியோ முடிந்து, பெரும்பாலும் பெற்றோரின் சீவிய உரித்தும், அதாவது உயிரோடிருக்கும்வரை அனுபவிக்கும் உரிமையும், அதில் எழுதப்பட்டு, உறுதி பேழைக்குள் போய்விடுகிறது. ஆனால் சபையின் பதிவேட்டில் பெயர் மாறுவதில்லை. இரண்டு தலைமுறை கழித்தும் சீட்டில் பாட்டியின் பெயரே வருகிறது.

நான் வேலை பார்த்த அலுவலகத்துக்கு ஒருமுறை ஒரு பெத்தா வந்தார். சீலைத் தலைப்பில் முடிந்து வைத்திருந்த பழைய பற்றுச்சீட்டுகளை ஒவ்வொன்றாக மேசையில் விரித்தார். சில சீட்டுகளில் மை மங்கி, ஓரம் கறையான் அரித்திருந்தது. கடைசிச் சீட்டில் இருந்த பெயரை விரலால் தொட்டுக்காட்டி, 'இது எங்கட அம்மாட பேரு மனே. அவ போய்ச் சேர்ந்து எத்தின வருசம். நான்தான் கட்டிக்கிட்டு வாறன். இப்ப பேத்திக்கு வீட்டை எழுதப் போனா, பேங்கில லோன் எடுக்கப் போனா, எல்லாத்துக்கும் பேரு சரியில்ல எங்கிறாங்க' என்றார். அவர் ஒரு காலாண்டுகூடத் தவறாமல் வரி கட்டியவர். சீட்டு ஒவ்வொன்றிலும் சபையின் முத்திரை இருந்தது. ஆனால் பெயரை மாற்ற வேண்டும் என்று ஒருவரும் அவருக்குச் சொல்லியிருக்கவில்லை. வங்கி கேட்கும் வீதிக்கோட்டுச் சான்றிதழும் உரித்துச் சான்றிதழும் அந்தப் பதிவேட்டைப் பார்த்தே வழங்கப்படுகின்றன என்பதை, பேத்தியின் கடன் தடைப்பட்ட அன்றுதான் அவர் அறிந்தார்.

மக்கள் ஏமாறும் இடம் எது என்பதும் எனக்குத் தெரியும். உறுதி எழுதும் நொத்தாரிசு, அதன் இரண்டாம் பிரதியை அடுத்த மாதம் 15ஆம் திகதிக்குள் காணிப் பதிவகத்துக்கு அனுப்ப வேண்டும் என்பது சட்டம். ஆகவே 'அரசாங்கத்துக்கு எல்லாம் போய்விட்டது' என்று உறுதிக்காரர் நினைத்துக்கொள்கிறார். காணிப் பதிவகம் வேறு, சபை வேறு. பதிவகத்தில் பதிந்தது தானாகச் சபைக்கு வந்து சேராது. உறுதியின் பிரதியோடும் வரைபடத்தோடும் உரிமையாளர்தான் சபைக்குப் போய் விண்ணப்பிக்க வேண்டும். ஆனால் இதில் உங்களிடம் நான் கேட்க வேண்டிய ஒரு கேள்வியும் உண்டு. வீடு விற்கப்படும்போது முதல் ஒரு இலட்சம் ரூபாய்க்கு 3 வீதமும் மிகுதிக்கு 4 வீதமும் முத்திரைத் தீர்வை கட்டுகிறோம். மாகாணத்தின் கணக்குக்குப் போகும் அந்தப் பணம் பின்னர் அந்தந்த உள்ளூராட்சி மன்றத்துக்கே பகிரப்படுகிறது. காணி கைமாறியதன் பேரில் பணம் உங்களிடம் வந்து சேரும்போது, கைமாறிய செய்தி மட்டும் ஏன் வந்து சேரக்கூடாது? காணிப் பதிவகத்தோடும் மாகாண இறைவரித் திணைக்களத்தோடும் பேசி இதற்கொரு ஒழுங்கு செய்தால், உங்கள் பதிவேடும் சரியாகும், நிலுவையை யாரிடம் கேட்பது என்ற குழப்பமும் தீரும். அதுவரை, வட்டாரந்தோறும் ஒரு சனிக்கிழமை நடமாடும் சேவை வைத்துப் பெயர்மாற்ற விண்ணப்பங்களை வாங்குங்கள். தாயின் மரணச் சான்றிதழையும் உறுதியையும் கொண்டு கந்தோருக்கு மூன்றுமுறை நடக்க எங்கள் வயதானவர்களுக்குக் கால் இல்லை.

இதோடு சேர்ந்த இன்னொரு தவறான நம்பிக்கையையும் நீங்களே தெளிவுபடுத்த வேண்டும். சோலை வரிச் சீட்டு உறுதி அல்ல. முப்பது ஆண்டு வரி கட்டிய சீட்டை அடுக்கி வைத்திருந்தாலும், அது அந்தக் காணியை ஆண்டு அனுபவித்ததற்கு ஒரு சான்றாக நீதிமன்றத்தில் எடுபடலாமே தவிர, காணியின் உரிமையை அது தந்துவிடாது. அதேபோல், வரி கட்டாமல் விட்டதனால் மட்டும் உரிமை தானாகவே போய்விடவும் மாட்டாது. இது சின்ன விஷயமல்ல. 2004 டிசம்பர் 26 சுனாமியின் பின் நாவலடியிலிருந்தும் கல்லடிக் கரையிலிருந்தும் எழும்பிப் போய்த் திராய்மடு போன்ற இடங்களில் குடியேறியவர்கள், போர்க்காலத்தில் இடம்பெயர்ந்து பத்திரங்களைத் தொலைத்தவர்கள், காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் கீழ் அனுமதிப்பத்திரம் மட்டும் வைத்திருப்பவர்கள் என்று எங்கள் மாவட்டங்களில் உறுதியில்லாமல் வாழும் குடும்பங்கள் நிறைய உண்டு. அவர்களுள் பலர் வரி இலக்கம் கிடைத்ததும் காணியே கிடைத்துவிட்டது என்று எண்ணி, அனுமதிப்பத்திரத்துக்கோ அளிப்புப் பத்திரத்துக்கோ பிரதேச செயலகத்தில் முயற்சி செய்வதை நிறுத்திவிடுகிறார்கள். சிலர் அந்தச் சீட்டை மட்டும் நம்பிக் காணி வாங்கிப் பணத்தைப் பறிகொடுக்கிறார்கள். 'இப்பற்றுச்சீட்டு காணி உரிமைக்கு அத்தாட்சியாகாது' என்ற ஒரு வரியை அச்சிட்டுவிட்டால், எத்தனையோ வழக்குகள் நீதிமன்றப் படி ஏறாமலே போகும்.

மட்டக்களப்பு வாவிக்கு மேற்கே உள்ள படுவான்கரையின் நிலை வேறு. பிரதேச சபைகளில், கட்டடங்கள் செறிந்த பகுதி என்று முறையாகப் பிரகடனப்படுத்தப்பட்ட இடங்களில்தான் மதிப்பீட்டு வரி விதிக்கலாம். அதற்கு வெளியே, ஒழுங்காகப் பயிர் செய்யப்படும் காணிகளுக்கு ஏக்கர் வரி. வவுணதீவு, வெல்லாவெளி, பட்டிப்பளைப் பக்கங்களில் வீதிகள் காப்பெட்டாகிக் கடைகளும் எழும்பி வரும் இந்நாளில், பிரகடனம் செய்யப்பட்ட எல்லை எது என்று மக்களுக்குத் தெரியாது. எந்தக் கிராமம், எந்த வீதி வரை என்பதைச் சந்தியில் ஒரு பலகையில் எழுதி வையுங்கள். எல்லை விரிவாகும்போது முன்கூட்டியே கூட்டம் வைத்துச் சொல்லுங்கள்.

தேசிய அளவில் பேசப்பட்ட வரி ஒன்றையும் மக்கள் இதனோடு சேர்த்துக் குழப்பிக்கொண்டிருக்கிறார்கள். 2023இல் சர்வதேச நாணய நிதியத்துடன் செய்துகொண்ட உடன்பாட்டில் நாடு தழுவிய சொத்து வரி ஒன்று இடம்பெற்றது. 2024இல் அது குடியிருக்கும் வீட்டுக்கு வாடகை வருமானம் இருப்பதாகக் கருதி விதிக்கும் வரியாக மாறி, 2025 ஏப்ரலில் தொடங்கும் என்றும் சொல்லப்பட்டது. சொன்ன நாளில் அது தொடங்கவில்லை. ஆனாலும் ஊரில் வரிச்சீட்டு வந்தால், 'நாணய நிதியக்காரன் கேட்ட வரி வந்துவிட்டது' என்று பேசுகிறவர்கள் இன்றும் இருக்கிறார்கள். காணி, கட்டடங்கள் மீதான வரி 1987ஆம் ஆண்டின் 13ஆம் திருத்தத்தில் மாகாண சபைப் பட்டியலில் இருப்பதையும், கிழக்கு மாகாண சபை 2017 செப்டம்பரில் கலைந்ததிலிருந்து இன்னும் தேர்தலைக் காணாமல் இருப்பதையும் சேர்த்துப் பார்த்தால், இந்தக் குழப்பத்துக்கு மக்களைக் குறை சொல்ல முடியாது. இது சபைக்கு வழக்கமாகக் கட்டும் வரி, புதிதாக வந்ததல்ல என்பதை நீங்கள்தான் சொல்ல வேண்டும்.

எங்கள் வீடுகள் பலவற்றில் வெளிநாட்டில் ஒரு பிள்ளையாவது இருக்கும் என்பதால், அங்கே நடப்பதையும் கேட்டுத் தெரிந்துகொள்கிறோம். கனடாவின் ஒன்டாரியோ மாகாணத்தில் 2025ஆம் ஆண்டின் வரிக்கும் 2016 ஜனவரி 1ஆம் திகதியின் மதிப்பே அடிப்படை என்பது அங்குள்ள வீட்டுக்காரருக்குத் தெரியும். மதிப்பை மீளப் பார்க்கும்படி கட்டணமில்லாமல் கேட்கலாம் என்பதும் தெரியும். இங்கிலாந்தில் 1991 ஏப்ரல் 1ஆம் திகதியின் விலையை வைத்து வீடுகளை எட்டு வகுப்புகளாகப் பிரித்திருக்கிறார்கள். தன் வீடும் அயல் வீடும் எந்த வகுப்பில் என்று யாரும் பார்க்கலாம். அமெரிக்காவில் மாநிலத்துக்கு மாநிலம் சட்டம் வேறு. கலிபோர்னியாவில் 1978இல் மக்கள் வாக்களித்துக் கொண்டுவந்த திருத்தம், அடிப்படை வரியை மதிப்பின் 1 வீதத்துக்கும், உரிமை மாறாதவரை மதிப்பின் ஆண்டு உயர்வை 2 வீதத்துக்கும் கட்டுப்படுத்தியிருக்கிறது. அந்த முறைகள் எல்லாம் குறையற்றவை என்று நான் சொல்ல வரவில்லை. பழைய மதிப்பையே பிடித்துக்கொண்டிருப்பதனால் வரும் அநீதிகளைப் பற்றி அங்கும் முறைப்பாடு உண்டு. ஆனால் அங்கே வீட்டுக்காரருக்குக் கணக்கு தெரியும். ரொரன்ரோவில் இருக்கும் மகன் தன் வீட்டு வரியைப் பற்றி விவரமாகச் சொல்கிறான், ஆரையம்பதியில் இருக்கும் தகப்பனுக்குத் தன் வீட்டின் ஆண்டுப் பெறுமதி என்ன என்று தெரியாது.

வெளிநாட்டுப் பேச்சு வந்ததால் பூட்டிக் கிடக்கும் வீடுகளையும் சொல்லிவிடுகிறேன். உரிமையாளர் தூரதேசத்தில் இருக்க, சீட்டு படலையில் செருகப்பட்டு மழையில் கரைந்து போகிறது, நிலுவை ஏறுகிறது, பிறகு மக்கள் வாரண்ட் என்று சொல்லும் கைப்பற்றல் ஆணையும் அதன் செலவும் சேர்கின்றன. வரி கட்டாதவரின் ஆதனத்தைக் கைப்பற்றி விற்கச் சட்டம் உங்களுக்கு அதிகாரம் தந்திருக்கிறது. வாடகைக்கு இருப்பவரையும் அது பாதிக்கலாம் என்பதால், குடியிருப்பாளர்களுக்கும் இதைச் சொல்ல வேண்டும். அந்த ஆணை வெளிவருவதற்கு முன், தொலைபேசியிலோ மின்னஞ்சலிலோ ஒரு முறையாவது உரியவரைத் தொடர்புகொள்ள முயலுங்கள். நிலுவையைத் தவணை முறையில் கட்ட விரும்புவோருக்கு வழி திறந்து வையுங்கள். வெளிநாட்டிலிருந்தபடி கட்டுவதற்கு வங்கிக் கணக்கு இலக்கத்தைச் சீட்டிலேயே போடுங்கள்.

வரிக் கழிவை, அதாவது தள்ளுபடியைப் பற்றியும் ஒரு சொல். ஜனவரி 31ஆம் திகதிக்குள் முழு ஆண்டு வரியையும் கட்டினால் 10 வீதமும், காலாண்டின் முதல் மாதத்துக்குள் கட்டினால் 5 வீதமும் கழிவு தருவது வழக்கம். மேலே சொன்ன 1,200 ரூபாய் வரியுள்ள வீட்டுக்கு 10 வீதக் கழிவு 120 ரூபாய் இலாபம். கடைத்தெருவில் கட்டடம் வைத்திருப்பவருக்கு ஆயிரக்கணக்கில் வரும். ஆனால் ஜனவரி எங்களுக்கு எப்படிப்பட்ட மாதம் என்று உங்களுக்குத் தெரியாததல்ல. மாரி மழை இன்னும் விட்டிருக்காது, வாவி நிறைந்து தாழ்ந்த வளவுகளில் தண்ணீர் நிற்கும், பொங்கலும் பள்ளிக்கூடச் செலவும் ஒன்றாக வரும், வயல்காரருக்குப் பெரும்போக நெல் இன்னும் கைக்கு வந்திருக்காது. பெப்ரவரியிலும் மார்ச்சிலும்தான் அறுவடைப் பணம் புழங்கும். கழிவுக் காலத்தை நீட்டச் சட்டம் இடந்தராவிட்டாலும், அறிவித்தலை நவம்பரிலேயே கொடுத்தால் குடும்பங்கள் முன்கூட்டிச் சேர்த்து வைக்கும். ஜனவரி நடுவில் சீட்டைக் கொடுத்துவிட்டு மாத முடிவில் கழிவு முடிந்தது என்பது நியாயமாகாது.

கடைசியாக, வாங்கிய வரியின் கணக்கு. என் வட்டாரத்தில் கடந்த ஆண்டு எவ்வளவு சோலை வரி சேர்ந்தது, அதில் எவ்வளவு எங்கள் வீதிக்கும் வடிகானுக்கும் செலவானது என்று கேட்பதற்கு, 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவலறியும் உரிமைச் சட்டம் எனக்கு உரிமை தருகிறது. விண்ணப்பித்தால் 14 வேலை நாட்களுக்குள் நீங்கள் தீர்மானம் தெரிவிக்க வேண்டும். ஆனால் ஒவ்வொருவரும் படிவம் நிரப்பிக் கேட்கும் நிலையை ஏன் வைத்திருக்க வேண்டும்? வட்டாரவாரியாக அந்தக் கணக்கை நூலகச் சுவரில் ஆண்டுக்கொருமுறை ஒட்டிவிடுங்கள். எங்கள் ஒழுங்கையில் வெள்ளம் நிற்கும்போது, இந்த ஆண்டு எங்கள் முறை இல்லை, அடுத்த ஆண்டு வரும் என்று தெரிந்தால் நாங்கள் பொறுத்திருப்போம்.

அடுத்த ஆண்டுக்கான வரவு செலவுத் திட்டத்தோடு வரி வீதத் தீர்மானமும் உங்கள் சபைகளின் முன் வரும். அந்தத் தீர்மானம் வாக்கெடுப்புக்கு வருமுன், வரி அறிவித்தலின் பின்பக்கத்தில் ஆண்டுப் பெறுமதியின் விளக்கம், சபையின் வீதம், ஆட்சேபனைக்குரிய இறுதி நாள், பெயர்மாற்றத்துக்கு வேண்டிய பத்திரங்கள், கழிவுத் திகதிகள், உரிமை பற்றிய எச்சரிக்கை ஆகியவற்றை அச்சிட வேண்டும் என்று உறுப்பினர் ஒருவர் முன்மொழிந்து மற்றொருவர் வழிமொழிய வேண்டுகிறேன். வாசகத்தை எழுதித் தர ஆள் வேண்டுமென்றால், உறுதி எழுதிப் பழகிய என்னைப் போன்றவர்கள் இரு மாவட்டங்களிலும் இருக்கிறோம். கூப்பிட்டால் சம்பளமில்லாமல் வந்து எழுதித் தருவோம்.

இப்படிக்கு,
உங்கள் வரியிறுப்பாளர்களுள் ஒருவன்,
மட்டக்களப்பு.